மூளையே இல்லாத பரமீசியம் எப்படி ரிவர்ஸ் எடுக்குது?

பத்தாவது படிக்கிற பொண்ணு ஒருத்தி மெசேஜ்ல கேட்டிருந்தா. லேப்ல குளத்துத் தண்ணிய மைக்ராஸ்கோப்ல பாத்தாங்களாம், ஒரே செல்லால ஆன பரமீசியம்ங்கிற உயிரி ஒண்ணு பாசியில போய் முட்டினதும் டக்குனு பின்னாடி வந்து, லேசா திரும்பி, வேற பக்கமா போயிடுச்சாம், ஒரே ஒரு செல்லுக்கு முட்டினது எப்படி தெரியும்னு. அருமையான கேள்விம்மா.

அமைப்பெல்லாம் புக்லயே இருக்கு. கால் மில்லிமீட்டர் நீளம், உடம்பு பூரா ஆயிரக்கணக்குல சிலியா (துடுப்பு மாதிரி அடிச்சு நீந்த வைக்கிற குட்டி முடிங்க), பக்கவாட்டுல ஒரு பள்ளம், அது வழியா பாக்டீரியா உள்ள போய் உணவுக் குமிழ்ல செரிக்கும், ஊறி வர்ற தண்ணிய சுருங்கும் குமிழ் வெளிய தள்ளும், பெரிய நியூக்ளியஸ் அன்றாட வேலைக்கு, சின்னது இனப்பெருக்கத்துக்கு.

விஷயம் செல்லச் சுத்தி இருக்குற மெல்லிய சவ்வுலதான் இருக்கு. செல்லுக்குள்ள கால்சியம் ரொம்ப ரொம்ப கம்மி, வெளிய தண்ணியில பல நூறு மடங்கு அதிகம், சவ்வோட உள்பக்கம் நெகட்டிவ் சார்ஜ். முன்பக்கம் எதுலயாவது முட்டினா அங்க இருக்குற கால்சியம் வாசல் திறக்குது, சார்ஜ் மாறுது, அந்த மாற்றம் சவ்வு முழுக்க பரவி சிலியாவுல இருக்குற வாசல்களையும் திறந்து விடுது, கால்சியம் உள்ள பாயுது, உடனே எல்லா சிலியாவும் எதிர்ப்பக்கமா அடிக்க ஆரம்பிச்சுடுது. நம்ம நரம்புல ஓடுற அதே வகை மின்சாரம்தாங்க இது, நம்மகிட்ட முக்கியமா சோடியம், இதுகிட்ட கால்சியம், அவ்ளோதான் வித்தியாசம். கொஞ்ச நேரத்துல கால்சியத்த வெளிய பம்ப் பண்ணிட்டு திரும்ப முன்னாடி கிளம்பிடும். இதுவே பின்பக்கம் தொட்டா பொட்டாசியம் வாசல் திறக்கும், இன்னும் வேகமா முன்னாடி ஓடும்.

எனக்கு இதுல ரொம்பப் பிடிச்சது 1972ல நைட்டோ, கனேகோன்னு ரெண்டு ஜப்பான் விஞ்ஞானிகள் பண்ணின சோதனை. பரமீசியத்த டிடர்ஜென்ட்ல போட்டு சவ்வையே சிதைச்சுட்டாங்க, செல் செத்துப் போச்சு, வெறும் கூடுதான் மிச்சம். அதுக்கு ஏடிபியும் (செல்லுக்கு சக்தி குடுக்குற பொருள்) மெக்னீசியமும் குடுத்தா சிலியா மறுபடி அடிக்குது, செத்த செல் நீந்துது! அந்தத் திரவத்துல கால்சியத்த ஒரு துளி கூட்டினா பின்னாடி நீந்துது. எந்தப் பக்கம் போகணும்னு முடிவு பண்றது கால்சியத்தோட அளவு மட்டும்தான்னு இதவிட தெளிவா எப்படி காட்ட முடியும்? படிக்கும்போதெல்லாம் புல்லரிக்குது எனக்கு.

குளத்துப் புழுவ ஆராய்ச்சி பண்ண எதுக்கு காசுன்னு கேக்குறவங்க இருக்காங்க, எனக்கு அது கோவத்தக் கிளப்பும். இது புழுவும் இல்ல. நம்ம மூச்சுக்குழாய்ல சளியத் தள்ளுறதும் இதே கட்டமைப்புல இருக்குற சிலியாதான், அது பிறவியிலேயே சரியா அசையாத குழந்தைங்களுக்கு நெஞ்சுல திரும்பத் திரும்ப தொற்று வரும். இந்த மாதிரி அடிப்படை ஆராய்ச்சிக்கு நம்ம ஊர்ல இன்னும் தாராளமா காசு குடுக்கணும்.

உங்க லேப்ல பொட்டாசியம் குளோரைடு இருந்தா டீச்சர்கிட்ட கேட்டு, ரொம்ப கம்மியா தண்ணியில கரைச்சு ஸ்லைடு ஓரத்துல ஒரு சொட்டு விட்டுப் பாரும்மா. அது சவ்வோட சார்ஜை நேரா மாத்திடும், எதுலயும் முட்டாமலே பரமீசியம் பின்னாடி நீந்தும்.