42 வருஷம் ஓடிய நாடகமும் ஒரு ஹார்ப்பும்

'தி ஃபேன்டாஸ்டிக்ஸ்' என்ற இசை நாடகத்தில் அப்படி என்னதான் இருக்கிறது, ஏன் அத்தனை வருஷம் ஓடியது என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். நியூயார்க்கின் கிரீனிச் வில்லேஜில், சுமார் 150 பேர் மட்டுமே உட்காரக்கூடிய குட்டி அரங்கில் 1960 மே 3-ல் தொடங்கி, 2002 ஜனவரி 13 வரை 17,162 காட்சிகள். அட்டையில் செய்த நிலா, சுவருக்குப் பதில் ஒரு குச்சி, அவ்வளவுதான் மேடை. கதை பிடித்திருந்தது, பாட்டு நன்றாக இருந்தது, செலவும் குறைவு. இதெல்லாம் எல்லோரும் சொல்வது. ராசியான அரங்கு என்பவர்களிடம் எனக்குப் பேச்சே இல்லை.

என்னை மயக்குவது வேறு. வாத்தியம் இரண்டே இரண்டு: பியானோ, ஹார்ப் (நம் யாழ் மாதிரி, கம்பிகளை விரலால் சுண்டி வாசிப்பது).

வயலினில் வில்லை இழுத்துக்கொண்டிருக்கும்வரை கம்பிக்குச் சக்தி போய்க்கொண்டே இருக்கும், ஒலி ஓயாது. ஹார்ப் கம்பியையோ சுண்டினால் அதோடு சரி, அடுத்த கணத்திலிருந்து ஒலி தேய ஆரம்பிக்கிறது (பியானோவில் சுத்தியல் அடித்த கம்பியும் இப்படித்தான்). அதிலும் முதலில் தேய்வது உயர் அதிர்வெண்கள், அதாவது ஒலியின் கீச்சான பகுதி. இப்போது பாடுகிறவரின் வாயைக் கவனியுங்கள். 'ஆ', 'ஓ' போன்ற உயிரொலிகள் பலமானவை, 'ச்', 'த்' போன்ற மெய்யொலிகள் பலவீனமானவை, குட்டியானவை, அவற்றின் அடையாளம் பெரும்பாலும் 2,000 ஹெர்ட்ஸுக்கு (விநாடிக்கு 2,000 அதிர்வு) மேலேதான் இருக்கிறது. வார்த்தை புரிவதே அவற்றால்தான். நம் உட்செவியில் ஒரு பலத்த ஒலி, பக்கத்து அதிர்வெண்ணில் இருக்கும் மெல்லிய ஒலியை அமுக்கிவிடும், அதுவும் தன்னைவிட உயர்ந்த அதிர்வெண்களைத்தான் அதிகம் அமுக்கும். ஆக, ஹார்ப் சுண்டிவிட்டு விலகிக்கொள்ளும்போது, மெய்யெழுத்துகளுக்குத் தேவையான அந்த இடம்தான் முதலில் காலியாகிறது! எம்பி3 பாட்டுக் கோப்பு சிறிதாவதும் இதே அமுக்கலை நம்பித்தான்: எப்படியும் காதில் விழாத ஒலிகளுக்கு அதில் இடம் ஒதுக்குவதில்லை. காது எதைக் கேட்காது என்ற ஆராய்ச்சிக்குப் பணம் கேட்டால் முகம் சுளிப்பவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கலாம்.

அப்புறம் அறையின் அளவு. தூரம் இரட்டிப்பானால் நேராக வரும் ஒலி 6 டெசிபெல் (ஒலியின் பலத்தை அளக்கும் அலகு) குறையும், சின்ன அரங்கில் கடைசி வரிசைகூட அவ்வளவு தூரமில்லை. சுவரில் பட்டுத் திரும்பும் முதல் எதிரொலிகளும் 50 மில்லி விநாடிக்குள் வந்துவிடுவதால், காது அவற்றைத் தனியாகக் கேட்காமல் குரலோடு சேர்த்துக்கொள்கிறது.

நாடகத்தின் முதல் பாட்டே மெதுவானது, நினைத்துப் பார் என்று கேட்கும் பாட்டு. இப்படி ஓர் அறையில் அதைக் கத்திப் பாட வேண்டியதில்லை, பக்கத்தில் இருப்பவரிடம் பேசுவதுபோலப் பாடலாம்.