சோற்றைச் சிவக்க வைப்பது எண்ணெய்தான்

மெக்சிகோவின் சிவப்புச் சோற்றை நான் முதல்முறை செய்தபோது அது சிவக்கவே இல்லை. சிவப்பு நிறத்துக்காகச் சேர்க்கும் அச்சியோட்டே விதை ஒரு கரண்டி கையில் இருந்தது. மஞ்சள்தூள் போடுகிற பழக்கத்தில், கொதிக்கிற தண்ணீரில் அரிசியோடு விதையையும் சேர்த்துப் போட்டு மூடிவிட்டேன். இருபது நிமிடம் கழித்துத் திறந்தால், வெளிறிய மஞ்சளில் சோறு; நடுநடுவே பல்லைப் பதம் பார்க்கிற மாதிரி கல்லாகக் கிடந்த விதைகள். அவற்றைப் பொறுக்கி எடுத்துப் பார்த்தேன். செங்கல் நிறத்தில் அப்படியே இருந்தன. நிறம் வீணாகப் போகவில்லை, விதையை விட்டுக் கிளம்பவே இல்லை.

ஏன் என்று பார்ப்பதற்கு முன், இந்தச் சோறு எது என்று சொல்லிவிடுகிறேன். மெக்சிகோவில் இதன் பெயர் 'அர்ரோஸ் ரோஹோ', அதாவது சிவப்புச் சோறு. அரிசியை எண்ணெயில் வறுத்து, தக்காளி, வெங்காயம், பூண்டு அரைத்த விழுதை ஊற்றி, கோழிச் சாற்றில் வேகவைப்பது. மதியச் சாப்பாட்டில் தண்ணீராக ஒரு சூப் வந்த பிறகு இது வரும். அதனால் இதற்கு 'சோப்பா செக்கா', வறண்ட சூப், என்றும் பெயர். சூப்பாகத் தொடங்கி, சாறு முழுவதையும் அரிசி குடித்துவிடுவதால் பொருத்தமான பெயர்தான்.

பெரும்பாலான மெக்சிகோ வீடுகளில் இந்தச் சிவப்பு தக்காளியிலிருந்து மட்டும் வருகிறது. அச்சியோட்டே சேர்ப்பது தென்கிழக்குக் கைவண்ணம். யுகத்தான், கம்பேச்சே, தபாஸ்கோ பக்கம் சமையலறையில் அந்த விதை இல்லாமல் இருக்காது. அதை மிளகு, சீரகம், ஓரெகானோ, பூண்டு, கசப்பு ஆரஞ்சுச் சாறு எல்லாம் சேர்த்து அரைத்தால் 'ரெக்காதோ ரோஹோ' என்ற சிவப்பு விழுது. வாழையிலையில் பொதிந்து வேகும் கொச்சினீத்தா பிபீல் என்ற பன்றிக்கறிக்கு நிறம் தருவது அதுதான். அச்சியோட்டே என்ற சொல் மெக்சிகோவின் பழங்குடி மொழியான நாவாட்டிலின் 'அச்சியோட்டில்' என்பதிலிருந்து வந்தது. தாவரவியல் பெயர் பிக்சா ஓரெல்லானா. 1541-42-ல் அமேசான் ஆற்றில் பயணம் செய்த ஸ்பானியர் பிரான்சிஸ்கோ தெ ஓரெல்லானாவின் பெயரைத் தாங்கியது. தமிழில் சாப்பிரா என்ற பெயர் உண்டு. ஆனால் கடையில் அப்படிக் கேட்டால் பலருக்குத் தெரியாது.

காய் பார்க்க அழகாக இருக்கும். இதய வடிவம், மேலெல்லாம் மென்மையான முள், காய்ந்ததும் இரண்டாகப் பிளந்துகொள்ளும். உள்ளே சின்னச் சின்ன விதைகள். பச்சையாக இருக்கும்போது ஒன்றை விரலில் நசுக்கினால் குங்குமத்தைத் தொட்ட மாதிரி ஒட்டும். சாயம் விதைக்குள்ளே இல்லை, விதையை மூடியிருக்கும் மெழுகு போன்ற மெல்லிய பூச்சில்தான் இருக்கிறது. ஆகவே விதையை அரைத்தே தீரவேண்டும் என்பதில்லை. காய்ந்த விதை மிக்ஸி பிளேடையே சோதிக்கும் ரகம்.

அந்தப் பூச்சின் முக்கிய நிறமி பிக்சின். கேரட்டுக்கு நிறம் தரும் கரோட்டினின் உறவுக்காரன். நீண்ட கார்பன் சங்கிலி. எண்ணெயோடு சேரும், தண்ணீரோடு சேராது. என் முதல் சோறு தோற்றது இதனால்தான். அப்படியானால் மஞ்சள் மட்டும் எப்படித் தண்ணீரில் வேலை செய்கிறது? உண்மையில் மஞ்சளின் குர்குமினும் தண்ணீரில் கரைவதில்லை. தூள் நுண்ணியதாக இருப்பதால் தண்ணீரில் மிதந்து எங்கும் பரவி, சோற்றில் படிந்துவிடுகிறது. அசையாமல் வைத்தால் அடியில் தங்கும். அச்சியோட்டேயை முழு விதையாகப் போட்டால் அந்த வசதி கிடையாது. விழுது செய்கிற பாரம்பரிய முறையில் விதைகளைத் தண்ணீரில் ஊறவைத்துத் தேய்த்துப் பூச்சை உரித்தெடுப்பார்கள். பிறகு அந்தச் செந்நீரை வற்றவைப்பார்கள். அங்கேயும் சாயம் தண்ணீரில் கரைவதில்லை. தண்ணீர் அதைச் சுமக்கிறது, அவ்வளவுதான்.

எண்ணெயில் கதையே வேறு. ஒரு சின்னக் கரண்டியில் எண்ணெயை விட்டு, ஆறிய நிலையிலேயே விதைகளைப் போட்டு, அடுப்பை சிம்மில் வையுங்கள். ஒன்றிரண்டு நிமிடத்தில் ஒவ்வொரு விதையைச் சுற்றியும் ஆரஞ்சு வளையம் ஒன்று தோன்றும். கரண்டியை லேசாகச் சாய்த்தால் வளையங்கள் ஒன்றோடொன்று கலந்து ஓடும். இன்னும் இரண்டு நிமிடத்தில் எண்ணெய் முழுதும் சூரிய அஸ்தமன நிறம். விதைகள் மங்கிப் பழுப்பாகிவிடும். வடிகட்டி எடுத்துவிட வேண்டியதுதான். காய்ந்த மிளகாயைத் தாளித்தால் எண்ணெய் சிவக்குமே, அதே சங்கதி.

இங்கே அவசரப்பட்டால் கெட்டது. பிக்சின் சுமார் 125 டிகிரி செல்சியஸுக்கு மேல் வேகமாகச் சிதையத் தொடங்கும். சங்கிலி உடைந்து குட்டையாகும். எண்ணெய் ஆரஞ்சிலிருந்து வெறும் மஞ்சளுக்குப் போகும். விதை கருகிக் கசக்கும். எண்ணெய் புகைகிற அளவுக்குக் காய்ந்தபின் விதையைப் போடுவது, சாயத்தைக் காசு கொடுத்து வாங்கி எரிப்பதற்குச் சமம்.

சங்கிலி குட்டையானால் நிறம் ஏன் மாறவேண்டும்? இந்த நிறமிகளில் கார்பன்களுக்கு நடுவே ஒற்றைப் பிணைப்பும் இரட்டைப் பிணைப்பும் மாறி மாறி வரிசையாக வரும். அந்த வரிசை நெடுக எலக்ட்ரான்கள் பரவி நிற்கின்றன. வரிசை நீளமாக ஆக, அவற்றை உசுப்பக் குறைந்த ஆற்றல் போதும். குட்டையான வரிசை ஊதாவையும் நீலத்தையும் மட்டும் விழுங்கும், நமக்கு மஞ்சள் தெரியும். நீளமான வரிசை பச்சையிலும் கைவைக்கும், மிச்சம் சிவப்பு. தக்காளியின் லைக்கோபீனில் இப்படித் தொடர்ந்து வரும் இரட்டைப் பிணைப்புகள் 11. பிக்சினில் கார்பன்களுக்கு இடையே 9. தக்காளி சிவப்பு, அச்சியோட்டே ஆரஞ்சு என்பதன் கணக்கு பெரும்பாலும் இவ்வளவுதான்.

இந்த இரண்டும் ஒரே சட்டியில் சேர்வதில் எனக்குப் பிடித்த விஷயம் ஒன்று இருக்கிறது. லைக்கோபீனில் 40 கார்பன்கள். அதன் இரண்டு முனையிலும் எட்டெட்டு கார்பன்களை வெட்டி எறிந்தால் மிஞ்சுவது 24. வெட்டிய முனைகளை அமிலமாக மாற்றினால் அது நார்பிக்சின். ஒரு முனையில் ஒரு மெத்தில் தொகுதியை, அதாவது ஒரே ஒரு கார்பன் உள்ள சிறு துண்டை, ஒட்டவைத்தால் 25 கார்பன், அதுதான் பிக்சின். காகிதத்தில் போட்ட கணக்கு மட்டுமல்ல இது. 2003-ல் பிரான்சில் ஆய்வாளர்கள் பிக்சா மரத்தின் மூன்று மரபணுக்களை எடுத்து, லைக்கோபீன் தயாரிக்கும்படி மாற்றியிருந்த ஈ. கோலை பாக்டீரியாவுக்குள் செலுத்தினார்கள். பாக்டீரியா பிக்சின் செய்துகாட்டியது. ஆக, இந்தச் சோற்றில் தக்காளியும் அச்சியோட்டேயும் சந்திப்பது என்பது, முழு நூலும் அதே நூலின் வெட்டிய துண்டும் சந்திப்பது.

உறவு இருந்தாலும் குணம் வேறு. லைக்கோபீன் தக்காளிச் செல்லுக்குள் குட்டிக் குட்டிப் படிகங்களாக அடைந்து கிடக்கும். செல்சுவர் உடையவேண்டும், சூடு வேண்டும், கொழுப்பு வேண்டும். அப்போதுதான் கொஞ்சமாவது எண்ணெய்க்கு வரும். பிக்சின் விதையின் வெளியே தயாராக உட்கார்ந்திருக்கிறது, கூப்பிட்டதும் வந்துவிடும். தக்காளி மட்டும் போட்ட சோறு இளஞ்சிவப்போடு நின்றுவிடுவதும், ஒரு கரண்டி அச்சியோட்டே எண்ணெய் அதைச் செக்கச்செவேலென்று ஆக்குவதும் இதனால்தான். சுவையில் அச்சியோட்டே அதிகம் பேசாது. லேசான மண்வாசம், மிளகின் சாயல், அவ்வளவே. நிறத்தைப் பார்த்துக் காரமாக இருக்கும் என்று பயப்படுகிறவர்கள் ஏமாந்துபோவார்கள்.

சரி, அடுப்புக்குப் போவோம். நீள அரிசி ஒரு கப். வெந்நீரில் கால் மணி ஊறவைத்து, தண்ணீர் தெளிவாக வரும்வரை கழுவி, நன்றாக வடியவிடுங்கள். கழுவுவது அரிசியின் மேல் ஒட்டியிருக்கும் மாவைப் போக்க. அந்த மாவு இருந்தால் வேகும்போது பசையாகி, பருக்கைகள் ஒட்டிக்கொள்ளும்.

அப்புறம் வறுப்பது. இதைக் கண்ணால் பார்த்துச் செய்வதைவிடக் காதால் கேட்டுச் செய்யலாம். அரிசி எண்ணெயில் விழுந்ததும் சடசடவென்று சத்தம். அது ஊறிய அரிசியிலிருந்து நீர் ஆவியாகும் சத்தம். நீர் இருக்கும்வரை அரிசியின் மேற்பரப்பு 100 டிகிரியை விட்டு அதிகம் ஏறாது. பருக்கைகள் கனமாக, ஈர மண் மாதிரி கட்டிக்கட்டியாகக் கரண்டியில் வரும். ஐந்தாறு நிமிடத்தில் சடசடப்பு அடங்கி, சட்டியில் உலர்ந்த மணலைக் கிளறுகிற சரசர ஓசை எழும். நீர் தீர்ந்துவிட்டது என்று அர்த்தம். இனி வெப்பம் சரசரவென ஏறும். 140 டிகிரியை நெருங்கும்போது புரதமும் சர்க்கரையும் வினைபுரிந்து பொன்னிறமும் வறுத்த மணமும் வரும். இதற்குள் ஒவ்வொரு பருக்கைமீதும் எண்ணெய் மெல்லிசாகப் போர்த்தியிருக்கும். பிறகு வேகும்போது ஒன்றோடொன்று ஒட்டாமல் சோறு உதிரியாக வருவதற்கு இந்தப் போர்வை ஒரு காரணம்.

ஆனால் 140 டிகிரி பிக்சினுக்கு ஆகாது என்று இப்போதுதான் சொன்னேன். நிறைய பேர் அச்சியோட்டே எண்ணெயிலேயே அரிசியை வறுக்கிறார்கள், அதுவும் நன்றாகத்தான் வருகிறது. நான் சாதா எண்ணெயில் வறுத்துவிட்டு, தக்காளி விழுது ஊற்றும் நேரத்தில் சிவப்பு எண்ணெயைச் சேர்க்கிறேன். விழுதில் பெரும்பங்கு நீர் என்பதால் வெப்பம் உடனே இறங்கிவிடும், நிறம் பிழைத்துக்கொள்ளும்.

மிக்ஸியிலிருந்து வரும் தக்காளி விழுது சிவப்பாக இருக்காது, ரோஸ் நிறத்தில் நுரையாக இருக்கும். உள்ளே சிக்கிய காற்றுக்குமிழிகள் ஒளியைச் சிதறடிப்பதால் வரும் வெளிறல் அது. அரிசியோடு நான்கைந்து நிமிடம் கொதித்ததும் காற்று போய், நீர் வற்றி, செல்கள் சிதைந்து, சட்டியின் ஓரத்தில் எண்ணெய் சிவப்பாகக் கசியும். அதுதான் அடையாளம். இங்கே தக்காளியின் புளிப்பும் ஒரு வேலை செய்கிறது. பிக்சினின் ஒரு முனையில் அமிலத் தொகுதி இருக்கிறது. காரத்தன்மை (மிளகாய்க் காரம் அல்ல, அமிலத்துக்கு எதிரான குணம்) உள்ள நீரில் அது மின்னேற்றம் பெற்று நீர்ப்பக்கம் சாயும். புளிப்பில் அப்படி ஆகாது. சாயம் எண்ணெயை விட்டு நகராது.

பிறகு சூடான சாறு, உப்பு. விழுதிலும் நீர் உண்டு என்பதை மறந்து இரண்டு கப் சாறு ஊற்றினால் சோறு குழையும். முக்கால் கப் விழுது போட்டால் ஒன்றேகால் கப் சாறு போதும். கொதி வந்ததும் மூடி, சிறு தீயில் பதினைந்து நிமிடம். கிளறக்கூடாது. பாதி வெந்த பருக்கை கரண்டி பட்டு உடைந்தால், உள்ளேயிருந்து ஸ்டார்ச் வெளியே வந்து கழுவிய பலனையெல்லாம் கெடுத்துவிடும். இறக்கியபின் பத்து நிமிடம் மூடியே இருக்கட்டும்.

ஒரு பருக்கையை எடுத்து நகத்தால் குறுக்கே வெட்டிப் பாருங்கள். வெளியே ஆரஞ்சு, நடுவில் வெள்ளை. நீர் உள்ளே போய் ஸ்டார்ச்சை உப்பவைத்தது. எண்ணெயும் அதிலிருந்த நிறமும் வாசலிலேயே நின்றுவிட்டன. சிவப்புச் சோறு என்பது உண்மையில் சிவப்புச் சட்டை போட்ட வெள்ளைச் சோறு.

நீர்ப்பக்கம் நிறம் வேண்டும் என்கிறவர்களும் இருக்கிறார்கள். பிக்சினைக் காரத்தன்மை உள்ள கரைசலில் சூடாக்கி அந்த மெத்தில் தொகுதியைக் கழற்றினால் நார்பிக்சின். அதன் உப்பு தண்ணீரில் கரையும், பாலின் கேசின் புரதத்தோடு ஒட்டிக்கொள்ளும். செடார் சீஸின் ஆரஞ்சு நிறம் இப்படி வந்ததுதான். வெண்ணெய் கொழுப்பு என்பதால் அதற்கு எண்ணெயில் கரைந்த பிக்சின். வெண்ணெய், சீஸ் உறைகளின் பின்புறம் 160பி என்ற நிறமூட்டி எண்ணைத் தேடிப் பாருங்கள். அது இந்த விதைதான். ஸ்பானியர்களின் மணிலா கப்பல்கள் இதே விதையைப் பிலிப்பைன்சுக்கும் கொண்டுபோயின. அங்கே அத்சுவெத்தே என்ற பெயரில் இன்றும் எண்ணெயில் காய்ச்சப்படுகிறது.

மிஞ்சிய சிவப்பு எண்ணெயை வெளிச்சம் படாத இடத்தில் வையுங்கள், வெயிலில் வைத்தால் நிறம் வெளுத்துவிடும். விரலில் ஆன கறைக்கு முதலிலேயே சோப்பைத் தேடவேண்டாம். இரண்டு சொட்டு நல்லெண்ணெய் விட்டுத் தேய்த்தால் சாயம் அதில் இறங்கி வரும். அதற்கு மேல்தான் சோப்பு.