3டி உடம்புக்கு 2டி வேஷம்: சண்டை கேம்களுக்குள் என்ன நடக்கிறது?

வாசகர் ஒருவர் கேட்டிருந்தார்: "கில்டி கியர் என்ற சண்டை கேமை என் மகன் விளையாடுகிறான். பார்த்தால் கையால் வரைந்த கார்ட்டூன் மாதிரிதான் இருக்கிறது. அவனோ அது முழுக்க 3டி என்று சாதிக்கிறான். யார் சொல்வது சரி?"

மகன் சொல்வதுதான் சரி. ஆனால் தந்தையின் கண் ஏமாறியதில் தப்பே இல்லை. அவரை ஏமாற்றுவதற்காகவே ஜப்பானில் ஒரு குழு மெனக்கெட்டு வேலை செய்திருக்கிறது. அதைப் புரிந்துகொள்ளக் கொஞ்சம் பழைய கதை தேவை.

1991-இல் கேப்காம் நிறுவனம் ஆர்கேட் கடைகளுக்கு, அதாவது காசு போட்டு ஆடும் கேம் கடைகளுக்கு, கொண்டுவந்த 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2' அசல் 2டி. அதன் திரையே 384 × 224 பிக்சல்தான். அதில் வரும் ஒவ்வொரு வீரரும் ஸ்பிரைட்டுகளின் தொகுப்பு, அதாவது முன்கூட்டியே வரைந்து சிப்பில் ஏற்றி வைத்த படங்கள். குத்துக்குச் சில படங்கள், உதைக்குச் சில படங்கள், அடி வாங்கிச் சாய்வதற்குச் சில. ஒரு படத்துக்கான வண்ணப் பட்டியலில் 16 இடங்கள். அதில் ஒன்று 'இங்கே எதுவும் தெரிய வேண்டாம்' என்பதற்குப் போய்விடும், மிச்சம் 15 நிறம். ஆக ஒரு பிக்சலுக்கு 4 பிட். 100 பிக்சல் அகலமும் 100 பிக்சல் உயரமும் உள்ள ஒரு படத்துக்கு 5,000 பைட் ஆகிறது. இன்று இது ஒன்றுமே இல்லை. அன்று சிப்பின் விலை, ஓவியர் எத்தனை படம் வரையலாம் என்பதையே தீர்மானித்தது.

சிக்கனத்தின் அடையாளம் ஒன்றை நீங்களே பார்க்கலாம். வீரர் வலப்பக்கம் பார்க்கும் படத்தை வரைந்துவிட்டால் போதும், இடப்பக்கம் பார்க்க வேண்டும்போது இயந்திரம் அதையே கண்ணாடியில் தெரிவது போலத் திருப்பிப் போட்டுவிடும். அதனால்தான் சாகட் என்ற தாய்லாந்து வீரர் பக்கம் மாறும்போதெல்லாம் அவருடைய கண்பட்டையும் ஒரு கண்ணிலிருந்து மறு கண்ணுக்குத் தாவுகிறது.

1993-இல் சேகா நிறுவனத்தின் யூ சுசுகி குழு 'வர்ச்சுவா ஃபைட்டர்' கொண்டுவந்தது. தோல்பாவைக் கூத்தை நிறுத்திவிட்டு அதே திரையில் பொம்மலாட்டம் ஆரம்பித்த மாதிரி ஆகிவிட்டது. வீரருக்கென்று படம் எதுவும் சேமிப்பில் இல்லை. அவருடைய உடம்பு என்பது புள்ளிகளின் பட்டியல். ஒவ்வொரு புள்ளிக்கும் எக்ஸ், ஒய், இசட் என மூன்று எண்கள். புள்ளிகளை இணைத்தால் பலகோணங்கள், பலகோணங்களைச் சேர்த்தால் கை, கால், தலை. கையை மடக்க வேண்டுமானால் அந்தப் புள்ளிகளை அணிப் பெருக்கலால் சுழற்ற வேண்டும். திரையில் போட, எக்ஸையும் ஒய்யையும் இசட்டால், அதாவது தொலைவால், வகுக்க வேண்டும். தூரம் இரண்டு மடங்கானால் உருவம் பாதியாகிவிடும். பிளஸ் டூ கணக்குக்கு மேல் இதில் எதுவும் இல்லை. செய்ய வேண்டிய எண்ணிக்கைதான் மலைக்க வைக்கும்.

ஆட்டத்தை ஓட்டிய மின்னணுப் பலகையான சேகாவின் மாடல் 1-க்கு நொடிக்கு 1,80,000 பலகோணம் என்பது கணக்கு. நொடிக்கு 30 ஃபிரேம், அதாவது 30 முழுத்திரைப் படம், ஓட்டினால் ஒரு ஃபிரேமுக்கு 6,000. இரண்டு வீரர்கள், மேடை எல்லாம் அதற்குள் அடங்க வேண்டும். ஒவ்வொரு பலகோணமும் ஒரே நிறம், மேலே எந்தப் படமும் ஒட்டவில்லை. முகங்கள் அட்டைப்பெட்டி போல இருந்தன. ஆனாலும் ஒருவர் விழும்போது உடம்பு விழுகிற எடை தெரிந்தது, கேமரா சுற்றி வந்தது. மறு வருடமே வந்த இரண்டாம் பாகம் நொடிக்கு ஏறத்தாழ 60 ஃபிரேம் ஓடியது, பலகோணங்களின் மேல் டெக்ஸ்சர் என்னும் படத்தோலும் ஏறியது. அந்தத் தோல் போர்த்தும் தொழில்நுட்பம் ஜிஇ ஏரோஸ்பேஸிடமிருந்து வந்தது. விமானிகளுக்குப் பயிற்சி தரும் சிமுலேட்டர்களுக்காக ராணுவப் பணத்தில் வளர்ந்த சரக்கு அது.

அதே 1994-இல் நாம்கோ நிறுவனத்தின் 'டெக்கன்'. அதை இயக்கிய செய்இச்சி இஷி, முதல் வர்ச்சுவா ஃபைட்டரில் வேலை செய்தவர். டெக்கன் ஓடிய பலகை, வீட்டு கேம் இயந்திரமான பிளேஸ்டேஷனின் உடன்பிறப்பு, அதனால் ஆட்டம் வீட்டுக்கு வருவது சுலபமாயிற்று. பழைய பிளேஸ்டேஷனில் டெக்கன் 3 ஆடியவர்களுக்கு அதன் உருவங்கள் லேசாக நடுங்குவது நினைவிருக்கும். காரணம் எளிது. புள்ளிகளின் திரை இடத்தை அது முழு எண்ணாக்கிவிடும், பாதி பிக்சல் என்ற பேச்சே கிடையாது. கை மெல்ல நகர்ந்தால் ஒவ்வொரு புள்ளியும் தனித்தனி நேரத்தில் அடுத்த பிக்சலுக்குக் குதிக்கும்.

இதற்குப் பிறகு பத்து வருடம், 3டி என்றால் முன்னேற்றம், 2டி என்றால் பழசு என்ற ஒரு மூடநம்பிக்கை விளையாட்டு உலகை ஆட்டிப் படைத்தது. மூடநம்பிக்கை என்று தெரிந்துதான் சொல்கிறேன். 1997-இல் வந்த 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 3' 2டி அனிமேஷனின் உச்சங்களில் ஒன்று. அது வந்த நேரத்தில் கடைகளில் கூட்டம் வேறு பக்கம் நின்றது. ஆனால் 2டிக்கு நிஜமான ஒரு நெருக்கடி இருந்தது. திரைகள் பெரிதாகப் பெரிதாக, கையால் வரைய வேண்டிய பிக்சல்களும் பெருகின. எஸ்என்கே நிறுவனம் 2009-இல் 'கிங் ஆஃப் ஃபைட்டர்ஸ் 12'-க்காக ஒவ்வொரு வீரரையும் முதலில் 3டி மாதிரியாகச் செய்து, அதன் மேல் பிக்சல் பிக்சலாகக் கையால் வரைந்தது. பார்க்க அற்புதம். ஆனால் அந்த உழைப்பு கட்டுப்படியாகவில்லை. 2016-இல் அந்தத் தொடரே 3டிக்கு மாறிவிட்டது.

சரி, இப்போது வாசகரின் கேள்விக்கு வருவோம். 2014-இல் ஆர்க் சிஸ்டம் ஒர்க்ஸ் 'கில்டி கியர் எக்ஸ்ஆர்டி' என்ற ஆட்டத்தைக் கொண்டுவந்தது. அதன் தொழில்நுட்பக் கலைஞர் ஜுன்யா மொதோமுரா, அடுத்த வருடமே கேம் டெவலப்பர்கள் கூடும் ஜிடிசி மாநாட்டில் ஒளிவுமறைவில்லாமல் எல்லாவற்றையும் போட்டு உடைத்தார். அதில் எனக்கு மிகவும் பிடித்த சங்கதி நிழல்.

ஒரு பரப்பு எவ்வளவு வெளிச்சமாகத் தெரியும்? அந்தப் பரப்புக்குச் செங்குத்தாக ஓர் அம்புக்குறி நிற்பதாக வைத்துக்கொள்ளுங்கள். கணக்குப் புத்தகத்தில் அதற்குப் பெயர் செங்கோடு. விளக்கு இருக்கும் திசைக்கும் செங்கோட்டுக்கும் இடையிலான கோணத்தின் கொசைன்தான் வெளிச்சத்தின் அளவு. விளக்கை நேராகப் பார்த்தால் 1. 60 டிகிரி சாய்ந்தால் 0.5. 90 டிகிரியில் பூஜ்யம். முதல் வர்ச்சுவா ஃபைட்டரில் ஒரு பலகோணத்துக்கு ஒரு செங்கோடுதான், அதனால் பட்டை தீட்டினாற்போல் ஒவ்வொரு தட்டையும் தனித்தனியாகத் தெரியும்.

இதற்கு மருந்து 1971-லேயே கண்டுபிடித்தாயிற்று. யூட்டா பல்கலைக்கழகத்தில் ஹென்றி குரோ என்ற ஆய்வு மாணவர், செங்கோட்டைப் பலகோணத்துக்குக் கொடுக்காமல் அதன் முனைகளுக்குக் கொடுத்தார். ஒரு முனையைச் சுற்றியுள்ள பலகோணங்களின் செங்கோடுகளைச் சராசரி எடுத்து, முனைக்கு முனை வெளிச்சத்தைக் கணக்கிட்டு, நடுவில் படிப்படியாகக் கலந்துவிட வேண்டியது. தட்டைகள் மறைந்து வழவழப்பாகிவிடும். சோதித்துப் பார்க்கத் தன் மனைவி சில்வியின் முகத்தில் கோடுகள் வரைந்து அளவெடுத்தார். அந்தத் துறைக்குப் பணம் கொடுத்தது அமெரிக்கப் பாதுகாப்புத் துறையின் ஆர்பா. 'முகத்தில் கோடு போட்டு அளப்பதா ஆராய்ச்சி? இதனால் நாட்டுக்கு என்ன பயன்?' என்று அன்று யாராவது கேட்டிருந்தால் குரோவிடம் நல்ல பதில் இருந்திருக்காது. எந்த ஆராய்ச்சிக்கும் பணம் தருவதற்கு முன் 'உடனடிப் பயன் என்ன' என்று எழுதி வாங்குகிறவர்களைப் பார்த்தால் எனக்கு இந்த முகம்தான் ஞாபகத்துக்கு வரும்.

கார்ட்டூனில் வழவழப்பான நிழல் கிடையாது. கன்னத்தில் இரண்டே நிறம்: வெளிச்சம், நிழல். நடுவில் கத்தியால் வெட்டிய எல்லை. கம்ப்யூட்டரில் இதைச் செய்வது சுலபம் போலத் தோன்றும். கொசைன் 0.5-க்கு மேல் என்றால் வெளிச்ச நிறம், கீழே என்றால் நிழல் நிறம் என்று ஒரு வரி எழுதினால் முடிந்தது. செய்து பாருங்கள், முகம் கோரமாகிவிடும். 59 டிகிரிக்குக் கொசைன் 0.515, 61 டிகிரிக்கு 0.485. வழவழப்பான நிழலில் இந்த இரண்டு டிகிரி வித்தியாசம் கண்ணுக்கே தெரியாது. இங்கேயோ ஒன்று முழு வெளிச்சம், மற்றது முழு நிழல். கன்னம், மூக்கு, உதட்டோரம் என எங்கெல்லாம் சின்ன மேடுபள்ளம் இருக்கிறதோ அங்கெல்லாம் நிழல் திட்டுத்திட்டாகக் கிழிந்து நிற்கும்.

மொதோமுராவின் குழு என்ன செய்தது? செங்கோடு என்பது கம்ப்யூட்டரைப் பொறுத்தவரை ஒவ்வொரு முனையிலும் எழுதி வைத்திருக்கும் மூன்று எண்கள், அவ்வளவுதான். அது பரப்புக்கு நிஜமாகவே செங்குத்தாக இருக்கிறதா என்று யாரும் சரிபார்ப்பதில்லை. ஆகவே பொய் எழுதலாம். கன்னத்தின் வடிவம் அப்படியே இருக்கட்டும், அதன் முனைகளில் உள்ள அம்புகளை மட்டும் கையால் திருப்பி, ஓவியர் எங்கே நிழல் எல்லை போட்டிருப்பாரோ அங்கே எல்லை விழுமாறு செய்யலாம். பக்கத்துப் பக்கத்து முனைகளின் அம்புகள் ஒரே பக்கம் பார்த்தால் அந்தப் பகுதி முழுவதும் ஒரே சமயத்தில் வெளிச்சத்துக்கு வரும், ஒரே சமயத்தில் நிழலுக்குப் போகும். உருவம் ஒன்று சொல்கிறது, வெளிச்சம் இன்னொன்று சொல்கிறது. நம் கண் வெளிச்சத்தைத்தான் நம்புகிறது.

பொய் அதோடு நிற்கவில்லை. ஒவ்வொரு முனையிலும் நிறம் வைக்க இடம் உண்டு. இவர்கள் அதில் நிறத்தை வைக்காமல், 'இந்த இடம் எவ்வளவு சுலபமாக நிழலுக்குப் போகலாம்' என்ற எண்ணை வைத்தார்கள். தாடைக்குக் கீழே, அக்குளில் எல்லாம் அந்த எண்ணை மாற்றிவிட்டால் லேசாகச் சாய்ந்தாலே நிழல் விழும். நிழல் நிறமும் வெறும் கறுப்புக் கலவை கிடையாது, அதற்கென்று தனி டெக்ஸ்சர் உண்டு. தோலின் நிழலில் சிவப்பு ஏறுவது அதனால்தான். போதாக்குறைக்கு, ஒவ்வொரு வீரருக்கும் சொந்தமாக ஒரு விளக்கு. மேடையில் சூரியன் எங்கிருந்தாலும் கவலையில்லை. ஒவ்வொரு நிலைக்கும் எது அழகோ அந்தப் பக்கத்திலிருந்து விளக்கு அடிக்கும்.

உடலைச் சுற்றியுள்ள கறுப்புக் கோடு பழைய உபாயம்தான். அதே உருவத்தின் இன்னொரு பிரதியைக் கொஞ்சம் பெருக்கி, கறுப்படித்து, அதன் பின்பக்கத்தை மட்டும் வரைந்தால் ஓரத்தில் கோடாகத் துருத்தித் தெரியும். உடைக்கு உள்ளே வரும் கோடுகளில்தான் சாமர்த்தியம். டெக்ஸ்சரில் சாய்வாக ஒரு கோடு போட்டால், கேமரா நெருங்கும்போது அது படிக்கட்டாக உடையும் அல்லது மங்கும். நேர் கிடையாகவோ நேர் செங்குத்தாகவோ போட்ட கோடு எவ்வளவு நெருங்கினாலும் உடையாது. எனவே டெக்ஸ்சரில் எல்லாக் கோட்டையும் கட்டம் போட்ட தாளில் போடுவது போல நேர்நேராக வரைந்துவிட்டு, உடம்பின் மேல் போர்த்தும்போது வளைத்துக்கொண்டார்கள். அந்த டெக்ஸ்சரை மட்டும் தனியே எடுத்துப் பார்த்தால் சதுரமும் செவ்வகமுமாகத்தான் இருக்கும், மனித உடை என்றே தோன்றாது.

அசைவிலும் ஒரு பின்னோக்கிய புரட்சி உண்டு. 3டியின் பெரிய சௌகரியமே, இரண்டு நிலைகளைக் கொடுத்தால் இடைப்பட்டதைக் கம்ப்யூட்டர் நிரப்பிவிடும் என்பதுதான். இவர்கள் அதை அணைத்துவிட்டார்கள். ஒவ்வொரு நிலையையும் கையால் வைத்து, சில ஃபிரேம்கள் அப்படியே உறைய விட்டு, சட்டென்று அடுத்ததுக்குத் தாவ வைத்தார்கள். ஆட்டம் நொடிக்கு 60 முறை உங்கள் பட்டனைக் கவனிக்கிறது, உருவம் மட்டும் டிவி கார்ட்டூன் போலத் தாவித் தாவி நகர்கிறது. முஷ்டி நம்மை நோக்கி வர வேண்டுமானால் கையின் எலும்பையே பெரிதாக்கிவிடுவார்கள். கேமராவுக்கு முன்னால் கம்பீரமாகத் தெரியும் அதே வீரரைப் பக்கவாட்டில் போய்ப் பார்த்தால் கை, தோள் எல்லாம் அலங்கோலமாக இருக்கும். இது ஓர் இடத்திலிருந்து பார்ப்பதற்கு மட்டும் செய்த வித்தை. வீரர்களைச் சுற்றி நடக்க விடும் ஆட்டங்களில் இத்தனை பொய்யும் அப்படியே எடுபடாது.

இதில் தந்தையின் கட்சிக்கும் ஒரு நியாயம் மிச்சமிருக்கிறது. அடி பட்டதா இல்லையா என்று கணக்குப் பார்க்கும்போது அந்தப் பலகோணங்கள் ஒன்றுக்குமே உதவுவதில்லை. டெக்கன் 3-இல் எல்லோராலும் பக்கவாட்டில் ஒதுங்க முடியும், குத்து பக்கத்தில் போய்விடும். அங்கே ஆழம் நிஜம். கில்டி கியரிலும், 2008-இல் 3டி உருவத்துக்கு மாறிய 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 4'-இலும் அப்படி இல்லை. வீரர் மேல் கண்ணுக்குத் தெரியாத தட்டையான செவ்வகங்கள் இருக்கும். குத்தின் செவ்வகம் எதிராளியின் செவ்வகத்தைத் தொட்டால் அடி. 1991-இலும் இப்படித்தான். உருவம் 3டிக்கு மாறிய பிறகும் சண்டை அதே தட்டைத் தளத்தில்தான் நடக்கிறது. முன்னே, பின்னே, மேலே, கீழே மட்டும் என்றால் எதிராளி எவ்வளவு தூரத்தில் நிற்கிறார் என்பதை ஒரு நொடியில் கணிக்கலாம். அந்தக் கணிப்புக்காகத்தான் இந்த ஆட்டங்களை ஆடுகிறவர்கள் வருகிறார்கள்.