ஒலி பிடித்துவைக்காத படத்தில்தான் ஜம்ப் கட் எளிது

பிரெஞ்சு இயக்குநர் கோதாரின் ‘பிரெத்லெஸ்’ (1960) படத்தில், திறந்த காரில் போகும் நடிகை ஜீன் சீபர்கின் பின்தலையை காமிரா விடாமல் பார்க்கிறது. நடிகர் பெல்மொண்டோ பேசிக்கொண்டே போகிறார். படம் மட்டும் தாவித் தாவி நகர்கிறது. தெருவும் வெயிலும் சட்டென்று மாறுகின்றன. ஒரே ஷாட்டின் நடுவிலிருந்து ஒரு துண்டை எடுத்துவிட்டு மிச்சத்தை ஒட்டும் இந்த வெட்டுதான் ஜம்ப் கட். வெட்டுக்குப் பின் காமிராவின் கோணம் 30 டிகிரியாவது மாறியிருந்தால் மூளை அதை வேறொரு பார்வை என்று ஏற்றுக்கொள்ளும். மாறாததால் பொருளே குதித்ததாகத் தோன்றுகிறது.

இதை இயக்குநரின் துணிச்சல் என்பார்கள். எடிட்டர் செசீல் தெக்யூஜிஸின் மேசையில் இன்னொரு வசதியும் இருந்தது. காமெஃப்ளெக்ஸ் காமிரா இரைச்சல் போடும் என்பதால் ஒலியில்லாமல் எடுத்து, வசனத்தைப் பிறகு டப்பிங்கில் சேர்த்தார்கள். நடு ஷாட்டில் வெட்டினாலும் உடன் அறுபடும் வசனம் கிடையாது.

ஃபிலிமை வெட்டி ஒட்டிய அந்தக் காலத்தில், ஒலியோடு எடுத்த படம் அப்படி விட்டதில்லை. 35 மி.மீ. ஃபிலிமில் ஒரு ஃபிரேமுக்கு 4 துளை, 19 மி.மீ. உயரம். நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது சுமார் 46 செ.மீ. ஒலி தனிச்சுருள்: அதே துளைகள் கொண்ட, காந்தப் பூச்சுள்ள ஃபிலிம். கிளாப் கட்டை மூடும் ஃபிரேமில் மெழுகுப் பென்சிலால் ஒரு குறி, ஒலிச்சுருளில் ‘டக்’ கேட்கும் இடத்தில் இன்னொரு குறி. இரண்டையும் ஒரே அச்சில் சுழலும் பல்சக்கரங்களில் நேருக்கு நேர் பூட்டினால் உதடும் சொல்லும் ஒட்டும்.

படத்தில் 10 ஃபிரேமை எடுத்துவிட்டு ஒலியில் எடுக்க மறந்தால், அந்த இடத்திலிருந்து ரீல் முடியும்வரை வசனம் 0.4 நொடி பின்தங்கும். ஒலி முந்தினால் 2 ஃபிரேமே உறுத்தும். பிந்தினால் கொஞ்சம் பொறுத்துக்கொள்வோம். தூரத்துச் சத்தம் காட்சிக்குப் பிறகு வருவதுதானே நமக்குப் பழக்கம்.

எடிட்டர் வெட்டியதெல்லாம் நெகடிவிலிருந்து எடுத்த பாசிடிவ் பிரதியில்தான். அதை டேப்பால் ஒட்டியதால் பிரித்து மறுபடி ஒட்ட முடிந்தது. காமிராவில் ஓடிய மூலச் சுருளான நெகடிவில் அந்தச் சலுகை இல்லை. ஃபிலிமின் ஓரத்தில் அச்சான விளிம்பு எண்களைப் பார்த்து வெட்டி, படம் பதிந்த பூச்சான எமல்ஷனைச் சுரண்டி, ஒன்றன்மேல் ஒன்றை ஏற்றி சிமெண்டால் ஒட்டுவார்கள். அந்த ஏற்றத்துக்கு வெட்டை ஒட்டிய ஃபிரேம் பலியாகும். ஒரே ஷாட்டின் இரு துண்டுகளையும் பயன்படுத்தும் எடிட்டர் இடையில் ஃபிரேம் விடாமல் திட்டமிட்டிருந்தால், நெகடிவ் வெட்டுபவருக்கு ஒட்ட இடமிருக்காது.

அல்ஜீரிய விடுதலை அமைப்புக்கு உதவியதற்காக 1960இல் கைதான தெக்யூஜிஸ் சிறையிலும் இருந்தார். பிறகு எரிக் ரோமரின் பல படங்களை எடிட் செய்தார். ‘மை நைட் அட் மாட்ஸ்’ (1969) அவற்றில் ஒன்று. என் கணக்கில் கடினமான வேலை இதுதான். படமே பேச்சு, பேச்சோ படப்பிடிப்பிலேயே பதிவானது.

இப்படிப்பட்ட படத்தில் எங்கே வெட்டுவது? ப், த், க் போன்ற ஒலிகளுக்கு முன் வாய்க்குள் காற்று அடைபட்டிருக்கும் 50 முதல் 100 மில்லிநொடி, அதாவது ஒன்றிரண்டு ஃபிரேம், கிட்டத்தட்ட மௌனம். ஒலியை அங்கே வெட்டினால் காது பிடிக்காது. காந்த ஃபிலிமை நேராக வெட்டாமல் சாய்வாக வெட்டுவதும் உண்டு; ஒட்டு ஓடும்போது கேட்கும் ‘டிக்’ சத்தம் மழுங்கும். காந்தம் ஏறிய கத்தரியால் வெட்டினால் சாய்வும் காப்பாற்றாது.

படமும் ஒலியும் ஒரே ஃபிரேமில் வெட்டப்பட வேண்டியதில்லை. வாக்கியம் ஓடும்போதே கேட்பவர் முகத்துக்குப் படத்தை மாற்றினால், உதடு தெரியாத அந்த நேரத்தில் பேசியவரின் இன்னொரு டேக்கிலிருந்து நல்ல சொல்லைக் கொண்டுவந்து செருகலாம். அறையின் மெல்லிய இரைச்சல் மட்டும் டேக்குக்கு டேக் மாறும். அதனால் யாரும் பேசாத நேரத்தில் அதே அறையில் அரை நிமிடமாவது தனியாக ஒலிப்பதிவு செய்து வாங்கி வைத்திருந்து, ஒட்டுகளின் அடியில் ஓடவிட வேண்டும்.