எர்பெனின் கதைப்பாடல்களைத் தமிழாக்குவோர் கவனத்துக்கு

கரேல் யாரோமிர் எர்பென் பிராக் நகரின் ஆவணக் காப்பாளர். செக் நாட்டுப்புறப் பாடல்களை ஊர் ஊராகத் திரட்டியவர். 1853-இல் வெளிவந்த அவருடைய 'கிடிட்செ' (பூங்கொத்து) தொகுப்பில் 12 கதைப்பாடல்கள் இருந்தன. 1861 பதிப்பில் 'லில்லி' சேர்ந்து 13 ஆயிற்று. ஆங்கிலம் வழியாக இதைத் தமிழாக்கும்போது நேரும் பெரிய பிழை ஒன்றுதான்: அவர் சொல்லாமல் விட்டதை நாம் சொல்லிவிடுகிறோம்.

'வோத்னீக்' (நீரவன்) பாடலின் முடிவைப் பாருங்கள். ஏரிக்கடியில் வாழும் நீரவன், தன் மனைவியைத் தாய் வீட்டுக்கு ஒரு நாள் அனுப்புகிறான். குழந்தை அவனிடம் பிணையாக இருக்கிறது. தாய் மகளைத் திருப்பி அனுப்ப மறுக்கிறாள். ஏரியில் புயல். புயலுக்குள் குழந்தையின் அழுகுரல் கேட்கிறது, சட்டென்று நிற்கிறது. ஏதோ விழும் ஓசை. கதவுக்கு அடியில் ஈரம், இரத்த ஈரம். வாசலில் உடலில்லாத் தலையும் தலையில்லா உடலும் கிடக்கின்றன. கொலையை எர்பென் காட்டவே இல்லை. 'ஆத்திரமடைந்த நீரவன் குழந்தையைக் கொன்று வீசினான்' என்று ஒரு வரியை இடையில் செருகினால் பாட்டு அங்கேயே செத்துப்போகும். இன்னொன்று: அந்த உடலைக் குறிக்க அவர் எழுதியது கொஞ்சிப் பேசும் சொல், 'தெலீச்கோ'. கொடூரமான இடத்தில் தாலாட்டுச் சொல். ஆங்கிலத்தில் இது மங்கிவிடும். தமிழில் 'சின்னஞ்சிறு உடம்பு' என்று கொண்டுவரலாம்.

'பொலெத்நிட்செ'யும் அப்படியே. அடங்காமல் அழும் பிள்ளையை மிரட்ட, தாய் நண்பகல் பெண்பேயைக் கூப்பிடுகிறாள். அது வந்தே விடுகிறது. மணி பன்னிரண்டு அடிக்க, தந்தை கதவைத் திறக்கிறார். மயங்கிய தாயின் மார்போடு இறுகிக் கிடக்கும் பிள்ளை மூச்சடைத்துப் போயிருக்கிறது. பேய் கொன்றதா, பயத்தில் தாயே இறுக்கி அணைத்ததால் நேர்ந்ததா? பாட்டு தீர்ப்புச் சொல்லவில்லை. அடிக்குறிப்பிலும் தீர்ப்பு எழுதாதீர்கள். பெயருக்குப் 'பூச்சாண்டி' போடும் ஆசை எல்லோருக்கும் வரும், ஆனால் பூச்சாண்டிக்கு என்று ஒரு குறிப்பிட்ட நேரம் கிடையாது. இவள் நண்பகலுக்கு உரியவள். மணி அடிப்பதில்தான் பாட்டின் முடிச்சே இருக்கிறது. 'உச்சிவேளைக்காரி' நெருங்கி வரும். உச்சிப் பொழுதுக்கு அஞ்சும் வழக்கம் நம் ஊர்களிலும் உண்டு என்பதால் வாசகருக்கு விளக்கம் தேவைப்படாது.

யாப்பு பற்றி. 'பொலெத்நிட்செ'யில் 8 அசை அடியும் 7 அசை அடியும் மாறி மாறி வருகின்றன. செக்கில் அழுத்தம் சொல்லின் முதல் அசையில் விழுவதால் அடி தட்டித் தட்டி ஓடும். இயைபு அடியின் கடைசியில். கை பழக்கத்தில் எதுகைக்குப் போய், அதற்காக அடைமொழிகளைச் சேர்த்து அடியை நீட்டினால் வேகம் போய்விடும். குட்டையான சிந்து நடையில், இயைபை மட்டும் காத்தால் போதும். ஒலி பிடிபடவில்லையென்றால் 1896-இல் செக் இசையமைப்பாளர் துவோர்ஷாக் எழுதிய வாத்தியக் கவிதைகளைக் கேளுங்கள். வோத்னீக், பொலெத்நிட்செ, பொன் இராட்டை, புறா ஆகிய நான்கும் இந்தப் பாடல்களிலிருந்து பிறந்தவை.

தொகுப்பின் முதல் பாட்டில் இறந்த தாயின் ஆன்மா, கல்லறையில் சிறு பூவாகத் திரும்புகிறது. பூவின் பெயர் 'மாதெர்ஷீதோவ்ஷ்கா'; அதற்குள்ளேயே 'தாயின் குட்டி ஆன்மா' என்ற பொருள் ஒலிக்கிறது. 'காட்டுத் தைம்' என்று தாவரவியல் பெயரை மட்டும் வைத்தால் கதை புரியாது. 'அன்னையுயிர்ப் பூ' என்று புதிதாக ஆக்குவதே சரி.

பதிப்பகங்களுக்கும் ஒன்று. பேயும் பொன்னும் வருவதால் சிறுவர் வரிசையில் போட்டுவிட வேண்டாம். 'மகளின் சாபம்' சிசுக்கொலையைப் பற்றியது. 'புறா' கணவனுக்கு நஞ்சு வைத்தவளின் தற்கொலையில் முடிகிறது.

தலைப்புகளிலும் கை வைக்காதீர்கள். 'கல்யாணச் சட்டைகள்' ஆங்கிலத்தில் 'பேயின் மணமகள்' ஆனது. நள்ளிரவில் அழைத்துப் போக வந்திருப்பவன் பிணம் என்பது அந்தப் பெண்ணுக்குத் தெரியாது, தலைப்பைப் படித்தவருக்குத் தெரிந்துவிடுகிறது. அவள் தைத்த சட்டைகள் பொழுது விடிந்ததும் ஒவ்வொரு கல்லறை மேலும் ஒரு கிழிசலாகக் கிடக்கும். அந்தக் கிழிசல்களுக்காகத்தான் எர்பென் அந்தத் தலைப்பை வைத்திருக்கிறார்.