மக்ரூத்: ரவை, பேரீச்சம்பழம், நடுவுல கொஞ்சம் தண்ணி

துனிசியாவுல கைருவான்னு ஒரு ஊர், கி.பி. 670-ல உக்பா இப்னு நாஃபிங்கிற அரபுப் படைத்தளபதி உருவாக்கினது, அங்க இருக்கிற பெரிய மசூதி உலகம் பூரா தெரியும். அந்த ஊருக்கு இன்னொரு பெருமை மக்ரூத். ரவை மாவுக்குள்ள பேரீச்சம்பழப் பூரணம் வெச்சு, சாய்சதுரமா வெட்டி, எண்ணெயில பொரிச்சு, பாகுலயோ தேன்லயோ முக்கி எடுக்கிற பலகாரம். அல்ஜீரியா, லிபியா, மொராக்கோ பக்கமும் ரம்ஜான், பெருநாள்னா வீட்டுக்கு வீடு செய்வாங்க. சாமான் ரொம்ப கம்மி, ஆனா வெளிய மொறுமொறு, அதுக்குள்ள மணல் மாதிரி உதிர்ற மாவு, நடுவுல இளகின பழம்னு மூணும் ஒரே கடியில வரணும், அது எப்படி வருதுன்னு பார்த்தா எல்லாமே தண்ணி எங்க போகுது எங்க போகலங்கிறதுலதான் இருக்கு.

முதல்ல ரவை. அங்க உபயோகிக்கிறது டியூரம் கோதுமை ரவை, அந்த கோதுமை கண்ணாடி மாதிரி இறுகினது, அரைச்சா சட்டுனு மாவா போகாம குருணையாவே நிக்கும். நம்ம ஊர்ல தேடினா பன்சி ரவைதான் அதுக்குக் கிட்ட வரும். அரை கிலோ ரவைக்கு சுமார் 150 கிராம் உருக்கின வெண்ணெயோ நெய்யோ, துனிசியாவுல பாதிக்குப் பாதி ஆலிவ் எண்ணெயும் சேர்ப்பாங்க, கொஞ்சம் உப்பு. இதை ரெண்டு உள்ளங்கைக்கும் நடுவுல வெச்சு தேய்க்கணும், தேய்க்கத் தேய்க்க வெளிர் மஞ்சளா இருந்த குருணை நல்ல அடர் மஞ்சளா மாறும், கையில பிடிச்சா பிடிபடும், விரலால தட்டினா உதிரும், அதுதான் பதம். அப்புறம் மூடி வெச்சு குறைஞ்சது ஒரு மணி நேரம், முடிஞ்சா ராத்திரி பூரா விட்டுடணும்.

ஏன் கொழுப்பு முதல்ல, தண்ணி அப்புறம்? கோதுமையில கிளியாடின், குளூட்டெனின்னு ரெண்டு வகை புரதம் இருக்கு, அதுங்க தண்ணி பட்டு பிசையப் பிசைய ஒண்ணோட ஒண்ணு பின்னிக்கிட்டு குளூட்டன் வலையா மாறும். பரோட்டாவுக்கு அந்த இழுவை வேணும், இதுக்கு வேணவே வேணாம். ஒவ்வொரு குருணை மேலயும் கொழுப்பு ஒரு கோட்டிங் மாதிரி உட்கார்ந்துட்டா தண்ணி உள்ள போறது தாமதமாகும், வலை சரியா பின்னாது, அதனாலதான் கடிச்சா உதிருது. கடைசியில ஆரஞ்சுப்பூ தண்ணி கலந்த வெதுவெதுப்பான தண்ணியை கொஞ்சம் கொஞ்சமா தெளிச்சு விரல் நுனியால சேர்த்துப் பிடிச்சா போதும், சப்பாத்தி மாவு மாதிரி போட்டு அழுத்திப் பிசைஞ்சா ராத்திரி பூரா ஊற வெச்ச வேலையே வீண்.

அடுத்தது பழம், எனக்கு இதுல ரொம்ப பிடிச்ச பகுதியே இதுதான். பேரீச்சம்பழத்துல ஏறக்குறைய மூணுல ரெண்டு பங்கு சர்க்கரை. மிருதுவான ரகங்கள்ல பழுக்கும்போதே இன்வர்டேஸ்ங்கிற நொதி சுக்ரோஸை, அதாவது நம்ம வீட்டு வெள்ளைச் சர்க்கரையில இருக்கிற அதே சர்க்கரையை, உடைச்சு குளுக்கோஸ், ஃபிரக்டோஸ்னு ரெண்டு எளிய சர்க்கரையா ஆக்கிடும். அல்ஜீரியாவுல பிஸ்க்ரா, தோல்கா பக்கமும் துனிசியாவுல தோசூர் பக்கமும் விளையுற டெக்லெட் நூர் மாதிரி ரகத்துல சுக்ரோஸ் நிறையவே மிஞ்சி நிக்கும். அதை பழமா அப்படியே சாப்பிடுறது சுகம், பூரணத்துக்கு அல்ஜீரியாவுல கர்ஸ்னு சொல்ற மிருதுவான ரகத்தைத்தான் அரைச்சு எடுப்பாங்க. ஃபிரக்டோஸ் தண்ணியை இறுக்கிப் பிடிச்சு வெச்சுக்கும், அதனால பூரணம் பொரிச்ச அப்புறமும் காயாது, மாவையும் நசநசன்னு ஆக்காது, கிருமிக்கும் அந்த தண்ணி கிடைக்காது, சீக்கிரம் கெடாது. பழத்தை ஆவியில வெச்சு மசிச்சு பட்டைத்தூளும் ஒரு ஸ்பூன் ஆலிவ் எண்ணெயும் சேருங்க, தண்ணி ஊத்தி அரைக்காதீங்க.

மாவை உருளையா உருட்டி, நடுவுல விரலால ஒரு வாய்க்கால் போட்டு, பூரணத்தை கயிறா திரிச்சு உள்ள வெச்சு மூடி, லேசா தட்டி, மர அச்சால அழுத்தி வெட்டுறது. வெட்டின ரெண்டு பக்கமும் பழம் வெளிய தெரியும், சிக்கல் அங்கதான். ஃபிரக்டோஸ் 110 டிகிரி வாக்குலயே கேரமலாக ஆரம்பிச்சிடும், அதனால எண்ணெய் ரொம்ப சூடா இருந்தா மாவு வேகறதுக்குள்ள ஓரம் கருகிடும், ஆறி இருந்தா மாவு இறுகறதுக்கு முன்னாடி உள்ள இருக்கிற வெண்ணெய் உருகி ஓடி துண்டே எண்ணெயில கரைஞ்சு போகும். 170 டிகிரி சுத்தி வெச்சுக்கங்க. போட்ட உடனே சரசரன்னு வர்ற குமிழ் எல்லாம் மாவுல இருந்து கிளம்புற நீராவி, அது இருக்கிற வரைக்கும் மாவு 100 டிகிரியைத் தாண்டாது, மேல் தோல் காய்ஞ்ச அப்புறம்தான் சூடு ஏறி மெயில்லார்ட் வினை, அதாவது புரதமும் சர்க்கரையும் சூட்டுல சேர்ந்து நிறம் மாறுறது, நடந்து பொன்னிறமும் வாசனையும் வரும். குமிழ் அடங்க ஆரம்பிச்சா எடுக்கிற நேரம் வந்தாச்சு.

எடுத்ததும் நல்லா வடிக்கணும், ஏன்னா பொரிச்ச பண்டம் எண்ணெயை பெரும்பாலும் உறிஞ்சுறது சட்டியில இல்ல, வெளிய எடுத்து ஆறும்போதுதான். தண்ணி காலி பண்ணிட்டுப் போன துளைகள்ல நீராவி இருக்கும், ஆறினா அது சுருங்கி உள்ள அழுத்தம் குறையும், மேல ஒட்டிக்கிட்டு இருக்கிறது எதுவோ அது உள்ள போகும். அந்த இடம் பாகுக்குக் கிடைக்கணும்னா வடிச்ச கையோட சூடா இருக்கும்போதே வெதுவெதுப்பான பாகுல போட்டுடணும். பாகுல எலுமிச்சை பிழியறதும் சும்மா ருசிக்கு இல்ல, அமிலம் சுக்ரோஸ்ல கொஞ்சத்தை உடைச்சு விடும், சர்க்கரை கலவையா ஆயிட்டா படிகம் கட்டாது, மேல பளபளப்பு அப்படியே நிக்கும்.

ஒரு நாள் விட்டு சாப்பிட்டா இன்னும் நல்லா இருக்கும், பாகு நடு வரைக்கும் பரவி இருக்கும். கடலோர ஊர்ல இருக்கிறவங்க காத்துப் புகாத டப்பாவுல போடுங்க, திறந்து வெச்சா மேல இருக்கிற பாகு ஈரத்தை இழுத்து பிசுபிசுன்னு ஆயிடும்.