ஜின் ப ஜின்: 'மாற்றுத் திருமணம்' இல்லை ஐயா!

குர்திஸ்தான் பெண்களைப் பற்றிய தமிழாக்கங்களில், இரு வீட்டார் தங்கள் பெண்களை ஒருவருக்கொருவர் கட்டிக்கொடுக்கும் வழக்கத்துக்கு 'மாற்றுத் திருமணம்' என்ற சொல்லை இந்த மாதத்தில் மட்டும் மூன்றாவது தடவையாகப் பார்த்துவிட்டேன். மாற்று சினிமா, மாற்று மருத்துவம் மாதிரி ஏதோ முற்போக்கு ஏற்பாடு என்றல்லவா படிக்கிறவர் நினைப்பார்?

மூலச்சொல் குர்து மொழியின் ஒரு வழக்கான சொரானியில் 'ஜின் ப ஜின்'. ஜின் என்றால் பெண் (பூதம் அல்ல). 2022-இல் ஈரான் தெருக்களில் ஒலித்த 'ஜின், ஜியான், ஆஜாதி' (பெண், வாழ்வு, விடுதலை) முழக்கத்தில் வருவதும் இதே ஜின்தான். பெண்ணுக்குப் பெண், அவ்வளவுதான் பொருள். துருக்கிப் பக்கம் 'பெர்தெல்', அரபியில் 'ஷிகார்'.

உன் தங்கையை எனக்குக் கட்டிவை, என் தங்கையை உனக்குத் தருகிறேன் என்கிற ஏற்பாடு இது. பெண் வீட்டாருக்குக் கொடுக்கவேண்டிய பணம் இரு பக்கமும் கழிந்துவிடும். காசில்லாத மலைக் கிராமத்தானுக்கு அது பெரிய லாபம். ஆனால் தங்கை "மாட்டேன்" என்றால் அண்ணன் கல்யாணமும் நின்றுபோகும். ஒருத்தி அடி தாங்காமல் தாய்வீடு வந்துவிட்டால், அங்கே நிம்மதியாகக் குடித்தனம் நடத்தும் அண்ணியையும் பெட்டி கட்டச் சொல்வதுண்டு.

'மாற்று' என்பதில் இந்த இரண்டு பெண்களும் எங்கே? 2011-இல் ஈராக்கின் குர்திஸ்தான் நாடாளுமன்றம் இயற்றிய 8-ஆம் எண் சட்டம் ஷிகாரைக் குடும்ப வன்முறை என்று வரையறுக்கிறது. இதை 'மாற்றுத் திருமணத்துக்குத் தடை' என்று எழுதினால், காதல் கல்யாணத்தைத் தடுத்துவிட்டார்கள் என்று வாசகர் கொதிப்பார். 'பண்டமாற்றுத் திருமணம்' இன்னும் மோசம். மூலத்தில் பண்டமே இல்லை. பெண்ணைப் பண்டமாக்குகிறார்கள் என்ற கண்டனத்தை வாக்கியத்தில் வையுங்கள், சொல்லுக்குள் திணிக்காதீர்கள்.

'பெண் கொடுத்துப் பெண் எடுத்தல்' நல்ல தமிழ்தான். ஆனால் "அந்த ஊரோடு பெண் கொடுத்துப் பெண் எடுக்கிறோம்" என்றால் பொதுவான கொள்வினை கொடுப்பினை என்றுதான் ஆகும். யாழ்ப்பாணத்து 'மாற்றுச் சம்பந்தம்' தேவலை; 'சம்பந்தம்' என்றதும் இரண்டு வீடுகளும் உள்ளே வந்துவிடுகின்றன. என் ஓட்டு 'பெண்ணுக்குப் பெண்' கல்யாணத்துக்கே.

இன்னொன்று. மாப்பிள்ளை வீட்டார் தரும் 'ஷீர்பாயி'யை, அதாவது பால்விலையை, 'வரதட்சணை' என்று எழுதுகிறார்கள். பணம் போகும் திசையே தலைகீழ்! பரிசம் என்ற சொல் என்ன, செத்தா போய்விட்டது?